பொறியியற் பள்ளியில் ஒரு பெண் ஆசான்

அமெரிக்க நாட்டின் மாஸசூசெட்ஸ் மாநிலத்திலே, சார்ல்ஸ் ஆற்றங்கரையில், கேம்பிரிட்ஜ் என்னும் ஊரில் அமைந்துள்ள தொழில்நுட்பக் கல்விக்கூடத்தை எம்.ஐ.டி. என்ற மூன்றெழுத்தில் உலகம் அறியும். நம் வீடுகளில் பன்னிரண்டாம் வகுப்புப் படிக்கும் பிள்ளைகளுக்கும் அப்பெயர் தெரியும். அங்கே 1968-ஆம் ஆண்டில் ஒரு பெண்மணி நிரந்தர முழுப் பேராசிரியராக அமர்த்தப்பட்டார். அக்கல்விக்கூடத்தின் வரலாற்றில் அப்பதவியைப் பெற்ற முதற்பெண் அவரே. மின்பொறியியல் துறைப் பேராசிரியை மில்ட்ரெட் டிரெஸ்ஸல்ஹாஸ் அம்மையார் என்பது அவர் பெயர். மாணவரும் தோழரும் ‘மில்லி’ என்றே அழைத்தனர். கரிமம் என்னும் பொருளைப் பற்றிய ஆராய்ச்சியில் அவருக்கு இணையானவர் அரிது என்பர் அத்துறையினர். அந்த ஆராய்ச்சியை எடைபோடும் தகுதி நமக்கில்லை. அரபி இலக்கணமும் தமிழ் இலக்கணமும் ஓதிக்கொடுத்து வயிறு வளர்ப்பவர் நாம். ஆயினும் ஓர் ஆசிரியர் இன்னோர் ஆசிரியரைப் பற்றிப் பேசலாம் அன்றோ? அவர் தம் வகுப்பறைக்கு வராதவர்களைப் பற்றியும் கவலைப்பட்ட ஆசிரியை என்பதே நம்மை இக்கட்டுரை எழுதத் தூண்டியது.

மில்லி 1930-ஆம் ஆண்டு நவம்பர் 11-ஆம் நாள் நியூயார்க் நகரின் புரூக்ளின் பகுதியிற் பிறந்தார். பெற்றோர் போலந்து நாட்டிலிருந்து பிழைக்க வந்த யூதர்கள். உலகப் பொருளாதாரமே முடங்கிக் கிடந்த காலம். தந்தைக்கு நிலையான வேலையில்லை. குடும்பம் பிராங்ஸ் பகுதியின் ஏழ்மை மிக்க தெருவொன்றில் வாழ்ந்தது. பள்ளிக்கூடமும் நல்ல பள்ளிக்கூடமன்று. ஆனால் அவருடைய தமையனார் வயலினில் வல்லவராயிருந்தார்; அவரைத் தொடர்ந்து தங்கையும் உதவித்தொகை பெற்று இசைப்பள்ளியிற் சேர்ந்தார். வயலின் அவருக்கு இசையோடு வேறொன்றையும் தந்தது. இசைப்பள்ளிக்கு வசதியுள்ள வீட்டுப் பிள்ளைகளும் வந்தார்கள். அவர்கள் வாயிலாகத்தான், ஹண்டர் உயர்நிலைப் பள்ளி என்று பெண்களுக்கான சிறந்த அரசுப் பள்ளியொன்று உண்டு என்பதும், தேர்வெழுதினால் அதிற் கட்டணமின்றிச் சேரலாம் என்பதும் அச்சிறுமிக்குத் தெரியவந்தன. பழைய வினாத்தாள்களைத் தேடிப் பெற்றுத் தாமே படித்துத் தேறினார்.

இவ்விடத்தில் சற்று நிற்க வேண்டும். அந்தச் சிறுமிக்கு அறிவு குறைவாக இருந்ததில்லை, செய்திதான் எட்டவில்லை. இன்ன இடத்தில் இன்ன கல்வி கிடைக்கிறது என்று சொல்ல ஆளில்லாமல், எத்தனை பிள்ளைகள் எத்தனை தெருக்களில் நின்றுபோயினர் என்பதற்கு எந்த நாட்டிலும் கணக்கில்லை.

ஹண்டர் பள்ளியில் அக்காலத்தில் மாணவியருக்கு மூன்று தொழில்களே சொல்லப்பட்டன: ஆசிரியை, செவிலி, அலுவலகச் செயலாளர். மில்லியும் தொடக்கப்பள்ளி ஆசிரியை ஆவதென்றே எண்ணி ஹண்டர் கல்லூரியிற் சேர்ந்தார். அங்கே இயற்பியல் கற்பித்த இளம் ஆசிரியை ஒருவர் அவருடைய திறமையைக் கண்டு, ‘நீ விஞ்ஞானத் துறைக்கே செல்ல வேண்டும்’ என்று கண்டிப்பாகச் சொன்னார். அவ்வாசிரியை ரோஸலின் யாலோ. அந்நாளில் அவருக்கே தக்க பதவி கிடைத்தபாடில்லை. பின்னர் 1977-இல் மருத்துவத்திற்கான நோபெல் பரிசு பெற்றவர் அவர். பரிசு பெற்ற பிறகு ஒருவர் கூறும் அறிவுரையை ஊரே கேட்கும். யாலோ அம்மையாரோ தமக்கே வழி திறவாத நாளில் மாணவிக்கு வழி காட்டினார். அத்தொடர்பு வாழ்நாள் முழுதும் நீடித்தது. மத்ரஸாக்களில் ஓதியவர்கள் இதனை எளிதில் உணர்வர். யாரிடம் ஓதினோம், அவர் யாரிடம் ஓதினார் என்று தொடரைச் சொல்லாமல் நாம் ஸனது வழங்குவதில்லை. மில்லி அம்மையாரும் தம் கதையை எங்கே சொல்ல நேர்ந்தாலும் யாலோவின் பெயரிலிருந்தே தொடங்கினார்.

1951-இல் பட்டம் பெற்று, ஃபுல்பிரைட் உதவித்தொகையில் இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜில் ஓராண்டு பயின்று, 1953-இல் ராட்கிளிஃப் கல்லூரியில் முதுகலைப் பட்டம் பெற்றார். பின்பு முனைவர் பட்டத்திற்காகச் சிகாகோ பல்கலைக்கழகம் சென்றார். அங்கே அவருக்கு இருவகை ஆசிரியர்கள் வாய்த்தனர். ஒருவர் என்ரிக்கோ ஃபெர்மி. முதல் அணு உலையை இயக்கிக் காட்டிய பெருமேதை. காலையில் பல்கலைக்கழகத்திற்கு நடந்து செல்லும்போது, அதே வழியில் வரும் கூச்ச சுபாவமுள்ள இம்மாணவியோடு சேர்ந்து நடந்து, தாமே பேச்சைத் தொடங்குவாராம். ‘இப்படி நேர்ந்தால் என்னவாகும்?’ என்று கேள்வி கேட்பதே அவர் பேசும் முறை. ஃபெர்மி 1954-இல் காலமாகிவிட்டார். ஓராண்டுகூட நிறையாத அந்தப் பழக்கத்தைத் தம் வாழ்நாட் செல்வமாக மில்லி கருதினார். மற்றவர் அவருடைய ஆய்வுக்கு வழிகாட்டியாக அமர்த்தப்பட்டவர். பெண்ணொருத்தி இத்துறையிற் படிப்பது பணத்தையும் இடத்தையும் வீணாக்குவது என்ற கருத்துடையவர் அவர். எனவே மாணவி தம் ஆய்வைப் பெரும்பாலும் தாமே நடத்திக்கொண்டார். போர்க்காலத்து மிச்சக் கருவிகளைத் தேடியெடுத்து, வேண்டிய உபகரணங்களைத் தாமே அமைத்தார். குளிர்ந்த நிலையில் மின்தடையை முற்றிலும் இழக்கும் உலோகங்கள் காந்தப் புலத்தில் எவ்வாறு நடந்துகொள்கின்றன என்பது பொருள். 1958-இல் பட்டம் கிடைத்தது. அவ்வாண்டே இயற்பியல் அறிஞர் ஜீன் டிரெஸ்ஸல்ஹாஸை மணந்தார்.

கணவருக்குக் கார்னெல் பல்கலைக்கழகத்தில் ஆசிரியர் பதவி. மனைவிக்கு ஈராண்டு ஆய்வு உதவித்தொகை. அது முடிந்ததும் சிக்கல் எழுந்தது. ஒரே குடும்பத்தில் இருவரை ஆசிரியராக நியமிப்பதில்லை என்ற விதி அந்நாளில் பல பல்கலைக்கழகங்களில் இருந்தது. உறவினருக்குச் சலுகை காட்டலாகாது என்னும் நல்ல நோக்கத்திற் பிறந்த விதிதான். ஆயினும் அவ்விதியால் வீட்டுக்குத் திரும்பியவர் எப்போதும் மனைவியாகவே இருந்தார். இருவருக்கும் ஒருசேர வேலை தர முன்வந்த இடங்கள் மிகச் சில. அவற்றுள் ஒன்றான எம்.ஐ.டி.யின் லிங்கன் ஆய்வுக்கூடத்திற்கு 1960-இல் இருவரும் குடிபெயர்ந்தனர். ஏறத்தாழ ஆயிரம் ஆண்கள் பணியாற்றிய அக்கூடத்தில் பெண் விஞ்ஞானிகள் இருவரே. அங்கே அவர் பழைய ஆய்வை விட்டு, பென்சிலுக்குள் இருக்கும் கருநிறப் பொருளாகிய கிராஃபைட்டை எடுத்துக்கொண்டார். அதனை ஆராய்வோர் அப்போது அரிது. போட்டியில்லாத பொருளாயிருப்பதே நமக்கு நல்லது, பிள்ளைக்குக் காய்ச்சல் வந்து ஒரு வாரம் தாமதமானாலும் இன்னொருவர் முந்திக்கொள்ள மாட்டார் என்பது அவர் கணக்கு.

1959-க்கும் 1964-க்கும் இடையில் நான்கு குழந்தைகள் பிறந்தன. ஆய்வுக்கூடத்தில் வேலை காலை எட்டு மணிக்குத் தொடங்கும். குழந்தைகளை ஒழுங்குபடுத்திவிட்டு அவர் வந்து சேர எட்டரை ஆகும். அந்த அரை மணி நேரம் பெரும் குற்றமாகிவிட்டது. மாலையில் எத்தனை மணி வரை இருந்தார், என்ன கண்டார், எத்தனை கட்டுரை எழுதினார் என்பவை பேசப்படவில்லை. எட்டரை மணியே பேசப்பட்டது. நான்காவது குழந்தைக்குப் பிறகு அவர் அங்கே நீடிக்க இயலாத நிலை ஏற்பட்டது.

இதனை எழுதும்போது நம் நெஞ்சம் சுடுகிறது. காரணம் உண்டு. பல்லாண்டுகளுக்கு முன், நம்மிடம் ஓதிய மாணவியொருத்தியின் தந்தை நம்மைக் காண வந்தார். “ஹஜ்ரத், பிள்ளை இஞ்சினீயருக்குத்தான் படிப்பேன்னு நிக்குது. மார்க்கும் இருக்கு. நீங்க ஒரு வார்த்தை சொன்னா அனுப்பிருவேன்” என்றார். நாம் ஒரு நாழிகைகூடச் சிந்திக்கவில்லை. “இரும்பும் கம்பியும் பெண்பிள்ளைக்கு எதற்கு? ஆசிரியப் பயிற்சிக்கு அனுப்புங்கள், அது போதும்” என்று விடை தந்து அனுப்பினோம். மார்க்கத்தில் அதற்குத் தடையென்று நாம் சொல்லவில்லை, சொல்லவும் முடியாது. வழக்கத்தைத்தான் சொன்னோம். ஹண்டர் பள்ளியில் மூன்று தொழில்களைச் சொன்னவர்களும் தீயவர்களல்லர். நம்மைப் போல வழக்கத்தைச் சொன்னவர்களே. அந்த மாணவி கணக்கில் நூற்றுக்கு நூறு வாங்கியவள் என்பதைப் பின்னரே அறிந்தோம். கேட்கத் தோன்றாதது நம் குறை.

மீண்டும் வரலாற்றுக்கு வருவோம். அம்மையாரின் இக்கட்டை அறிந்த எம்.ஐ.டி. மின்பொறியியல் துறையினர், 1967-இல் ஓராண்டுக்கு வருகைப் பேராசிரியராக வருமாறு அழைத்தனர். பெண் அறிஞர்களுக்கென்றே ராக்ஃபெல்லர் குடும்பத்தார் ஏற்படுத்திய ஓர் அறக்கட்டளை இருக்கை அப்போது அதற்குக் கைகொடுத்தது. பொறியியல் மாணவர்களுக்குத் திடப்பொருள் இயற்பியலைக் கற்பிப்பது அவர் பணி. அதுவரை அப்பாடம் விஞ்ஞானிகளுக்கு ஏற்றவாறே கற்பிக்கப்பட்டு வந்தது. அவர் அதனைப் பொறியியலாளன் கையிலெடுத்துப் பயன்படுத்தும் முறையில் மாற்றியமைத்தார். வகுப்பு அவ்வளவு செல்வாக்குப் பெற்றது. ஓராண்டு முடிவதற்குள் நிரந்தரப் பதவி தரப்பட்டது. மேலே நாம் கூறிய 1968 இதுவே. வாயு லேசரைப் படைத்தவர்களில் ஒருவரான, தெஹ்ரானிற் பிறந்த பேராசிரியர் அலீ ஜவான் அப்போது அங்கே இருந்தார். அவருடைய லேசர் ஒளியைக் கொண்டு அம்மையாரும் மாணவர் ஒருவரும் கிராஃபைட்டைச் சோதித்தபோது, அதன் மின்துகள்களைப் பற்றி எல்லோரும் நம்பியிருந்த கணக்கு தலைகீழானது என்று தெரியவந்தது. அம்மூவர் கட்டுரை அதே 1968-இல் வெளிவந்தது.

அக்காலத்தில் எம்.ஐ.டி. இளநிலை மாணவரில் பெண்கள் நூற்றுக்கு நால்வர் என்ற அளவிலேயே இருந்தனர். பெண்களைச் சேர்க்கக் கூடாதென்ற சட்டம் அங்கே இல்லை. 1870-இலேயே எலன் ஸ்வாலோ என்னும் பெண் சேர்க்கப்பட்டு 1873-இல் பட்டம் பெற்றிருக்கிறார். பின் ஏன் நூறாண்டாகியும் நால்வர்? அம்மையார் இதனை ஓர் ஆய்வுப் பொருளைப் போலவே நோக்கினார். பெண்களுக்கான விடுதியில் படுக்கைகள் குறைவு. வளாகத்திலேயே தக்க விடுதி 1963-இல்தான் எழுந்தது. படுக்கை குறைவாதலால் சேர்க்கப்படும் பெண்களும் குறைவு. குறைவாகச் சேர்ப்பதால் ஆண்களிடம் கேட்பதைவிட உயர்ந்த தகுதி பெண்களிடம் கேட்கப்பட்டது. இவ்வாறு வடிகட்டி எடுக்கப்பட்டவள் வகுப்பிலே தனியொருத்தியாக அமர்வாள், எல்லோர் கண்ணும் தன்மேல் இருப்பதால் வாய் திறவாள், ஐயம் கேளாள். அதைக் கண்ட ஆசிரியர்கள், ‘பெண்களுக்குப் பொறியியலில் நாட்டமில்லை’ என்று முடிவு கட்டினர். படுக்கை எண்ணிக்கையிற் பிறந்த பற்றாக்குறை, இவ்வாறாகப் பெண்ணின் இயல்பு என்னும் பெயரைப் பெற்றுவிட்டது!

அவரும் உடன் பணியாற்றிய பெண்மணிகளும் முதலில் வேண்டியது சலுகையன்று. ஒரே தகுதி அளவு. ஆணுக்கு எந்த மதிப்பெண்ணோ பெண்ணுக்கும் அதே மதிப்பெண் என்றனர். அது ஏற்கப்பட்டது; எண்ணிக்கையும் ஏறலாயிற்று. சிறு சலுகையும் இல்லாமலேயே ஏறிற்று என்பதை, ‘தகுதி குறைந்துவிடும்’ என்று அஞ்சுவோர் கவனிக்க வேண்டும்.

அடுத்து, 1971-இல் எமிலி விக் என்னும் பேராசிரியையோடு சேர்ந்து பெண்கள் மன்றம் ஒன்றைக் கூட்டினார். மாணவியர், ஆசிரியையர், அலுவலகப் பணிப்பெண்கள் எல்லாரும் ஓரறையில் அமர்ந்து தத்தம் குறைகளைச் சொன்னார்கள். எழுத்தர் வேலை பார்ப்பவரும் பேராசிரியரும் ஒரே வரிசையில் அமர்வது எங்குமே எளிதில் நடப்பதன்று. தனக்கு மட்டுமே நேர்ந்ததென்று ஒருத்தி எண்ணியிருந்தது பலருக்கும் நேர்ந்திருப்பது அங்கே தெரிந்தது.

நமக்கு மிகவும் பிடித்தது அவர் தொடங்கிய ஒரு வகுப்பு. விமானப் பொறியியல் பேராசிரியை ஷீலா விட்னாலும் அவரும் சேர்ந்து முதலாண்டு மாணவருக்கு ‘பொறியியல் என்றால் என்ன?’ என்ற பெயரில் அதனை நடத்தினர். (இந்த விட்னால் அம்மையார் பின்பு 1993-இல் அமெரிக்க விமானப்படைத் துறைக்கே செயலாளரானார்.) ஆண்பிள்ளை சிறுவயதிலேயே வானொலிப் பெட்டியைப் பிரிப்பான், மிதிவண்டியைக் கழற்றுவான்; உடைத்தாலும் வீட்டில் சிரிப்பார்கள். பெண்பிள்ளை திருகாணியைத் தொட்டாலே அதட்டுவார்கள். ஆகவே கணக்கிலே சிறந்த மாணவியும் பட்டறைக்குள் நுழைந்ததும் திகைத்துவிடுகிறாள். அது அறிவின் குறையன்று, கைப்பழக்கத்தின் குறை. ஒரு பருவத்தில் ஈடுசெய்துவிடலாம் என்று கண்டு, கருவிகளைக் கையாலேயே தொட்டுப் பழகும்படி பாடத்தை அமைத்தனர். பெண்களை மனத்திற்கொண்டு தொடங்கினாலும் ஆண்களுக்கும் கதவடைக்கவில்லை. 1973-இல் கார்னெகி நிறுவனம், ஆண்களுக்கே உரியனவாகக் கருதப்பட்ட துறைகளுக்குப் பெண்களை ஊக்குவிக்கும் பணிக்கென அவருக்கு நிதி வழங்கியது. பெண்களுக்கான பொறியியற் கல்வி பற்றிய தம் சொந்தக் கருத்துகளை 1975-இல் ஒரு கல்வி ஆய்வேட்டில் கட்டுரையாகவே எழுதினார்.

இவ்வளவுக்கும் நடுவே ஆய்வு நிற்கவில்லை. கிராஃபைட்டின் அடுக்குகளுக்கிடையே வேற்றுப் பொருளைச் செருகி அதன் தன்மையை மாற்றுவது, கரிமத் தாளை நுண்குழலாகச் சுருட்டினால் சுருட்டும் வகைக்கேற்ப அது உலோகமாகவோ குறைகடத்தியாகவோ ஆகும் என்று 1992-இல் ஜப்பானிய அறிஞர்களோடு சேர்ந்து கணித்துரைத்தது, வெப்பத்தை மின்சாரமாக்கும் பொருள்களைப் பற்றிய ஆய்வு என்று அப்பட்டியல் நீளும். 1984-இல் அமெரிக்க இயற்பியற் கழகத் தலைவர், 1985-இல் எம்.ஐ.டி.யின் மிகவுயர்ந்த ‘இன்ஸ்டிட்யூட் பேராசிரியர்’ என்னும் தகுதியைப் பெற்ற முதற்பெண். 1990-இல் தேசிய விஞ்ஞானப் பதக்கம். 2000-இல் அமெரிக்க எரிசக்தித் துறையின் விஞ்ஞான அலுவலக இயக்குநர். 2012-இல் காவ்லி பரிசு. 2014-இல் அதிபரின் சுதந்திரப் பதக்கம். 2015-இல் மின்பொறியியலாளரின் உலகச் சங்கம் தன் மிகவுயர்ந்த பதக்கத்தை ஒரு பெண்ணுக்கு வழங்கியது அதுவே முதன்முறை. பட்டங்களை இத்துடன் நிறுத்திக்கொள்வோம்.

பதவி உயர்ந்தபின் பழைய வேலையை விட்டுவிடுவது மனித இயல்பு. அவர் விடவில்லை. 1990-களின் தொடக்கத்தில், இயற்பியற் கழகத்தின் சார்பில் வேறிரு பேராசிரியைகளுடன் சேர்ந்து, அழைத்த பல்கலைக்கழகங்களுக்கெல்லாம் நேரிற் சென்றார். துறைத் தலைவரைத் தனியே சந்திப்பார், ஆசிரியர்களைச் சந்திப்பார், மாணவியரைத் தனியறையில் அமர்த்திப் பேசவிடுவார், பின்பு கண்டவற்றையும் செய்ய வேண்டியவற்றையும் அறிக்கையாக அத்துறைக்கே எழுதித் தருவார். பழி தூற்றாமல், பத்திரிகைக்குச் சொல்லாமல், திருத்துவதற்கு வழி சொல்லும் முறை அது. சபையில் அவமதிக்காமல் தனியே அழைத்துப் புத்தி சொன்ன நம் உஸ்தாதுமார்களின் நினைவு நமக்கு வந்தது.

எல்லாம் தீர்ந்துவிட்டதா? இல்லை. 1999-இல் எம்.ஐ.டி.யே வெளியிட்ட ஓர் அறிக்கை, தன் விஞ்ஞானப் பள்ளியில் மூத்த பேராசிரியைகள் ஊதியத்திலும் ஆய்வுக்கூட இடத்திலும் ஓரங்கட்டப்பட்டனர் என்று ஒப்புக்கொண்டது. உள்ளே வந்தபிறகும் வாசல்கள் இருக்கின்றன. மற்றொன்றையும் மறைக்கலாகாது. அம்மையாருக்குப் பல்லாண்டு விசுவாசமாகக் குழந்தைகளைப் பார்த்துக்கொள்ளும் பணிப்பெண் ஒருவர் கிடைத்தார். தம் புகழைவிட மனைவியின் புகழ் ஓங்குவதைக் கண்டு முகஞ்சுளிக்காத, ஆய்வில் உடன் உழைத்த கணவரும் கிடைத்தார். இவ்விரண்டும் கிட்டாத பெண்ணிடம் ‘மில்லியைப் பார்’ என்று மட்டும் சொல்வது நியாயமன்று. ஜீன் டிரெஸ்ஸல்ஹாஸைப் பற்றி எவரும் அதிகம் எழுதுவதில்லை; எழுதினால் நம் வீட்டு மாப்பிள்ளைமார் படிக்க உதவும்.

அவரிடம் அறுபதுக்கு மேற்பட்டோர் முனைவர் பட்ட ஆய்வை முடித்தனர். வீட்டில் இசை மாலைகள் நடக்கும். குழந்தைப் பருவத்து வயலினை அவர் கடைசிவரை வைக்கவில்லை. எட்டரை மணிக்கு வந்ததற்காக ஏச்சுக் கேட்ட அவர், பிற்காலத்தில் பொழுது விடியுமுன்னரே அலுவலகம் வந்துவிடுவாராம். எண்பது வயதைக் கடந்தும் அப்பழக்கம் மாறவில்லை. எம்.ஐ.டி. இளநிலை மாணவரில் பெண்கள் ஏறக்குறையப் பாதி என்ற நிலையை அவர் தம் கண்ணாற் கண்டார்.

2017 பிப்ரவரியில் அமெரிக்கத் தொலைக்காட்சியில் ஒரு மின்சாதன நிறுவனத்தின் விளம்பரம் வந்தது. திரைப்பட நடிகையருக்குக் கிடைக்கும் புகழ் ஒரு பெண் விஞ்ஞானிக்குக் கிடைத்தால் எப்படியிருக்கும் என்பது அதன் கற்பனை: சிறுமிகள் மில்லியின் உருவம் கொண்ட பொம்மையைப் பரிசாகப் பெற்றுக் குதிக்கிறார்கள், பிறந்த குழந்தைக்கு மில்லி என்று பெயரிடுகிறார்கள், தெருவில் அவரைக் கண்டவர்கள் திரண்டு வருகிறார்கள். அதில் எண்பத்தாறு வயது அம்மையார், பின்னிய வெண்கூந்தலோடு தாமே தோன்றுகிறார். அது ஒளிபரப்பாகிச் சில நாட்களே ஆகியிருந்தன. அம்மாதம் 20-ஆம் நாள் அவர் காலமானார்.